செவ்வாய் பாவம் ஆக்கும்

போன வாரம் பாறசாலையில் ஒரு பள்ளிக்கூடத்துக்கு என்னை நடுவராகக் கூப்பிட்டிருந்தார்கள். பட்டிமன்றம். இந்தப் பத்தியை வாராவாரம் படிக்கிறவர்களுக்கு என் முட்டிவலி தெரியும். மாடி என்றால் வரமாட்டேன் என்று சொல்லிவிட்டேன். ஹால் கீழேதான், கார் அனுப்புகிறோம் என்றார்கள். பிறகென்ன... போனேன்.

தலைப்பு இதுதான் — பூமியை விட்டால் மனிதன் குடியேற எந்த இடம் சுலபம்?

மூன்று அணி. நிலா அணிக்கு ஒரு பையன் மூச்சுவிடாமல் பேசினான். மூன்று நாளில் போய்ச் சேர்ந்துவிடலாமாம். துருவத்துப் பள்ளங்களில் ஐஸ் இருக்கிறதாம். பழைய எரிமலைக் குழம்பு ஓடிய குகைகளுக்குள் வீடு கட்டிக்கொண்டால் கதிர்வீச்சு நம்மைத் தொடாதாம். செவ்வாய் அணி விடவில்லை. அங்கே பகலும் இரவும் கிட்டத்தட்ட நம்முடையதைப் போலவே. மண்ணுக்கடியில் ஐஸ் உண்டு. இருக்கிற கொஞ்சக் காற்றிலிருந்தே ஆக்ஸிஜனைப் பிரித்துக்கொள்ளலாம்.

மூன்றாவது அணி டைட்டன். சனிக் கிரகத்தைச் சுற்றுகிற பெரிய நிலா. அதற்காகப் பேசிய பெண் எட்டாம் வகுப்பு. "அங்கே காற்று நம்முடையதைவிடக் கனம். விண்வெளி உடுப்பே வேண்டாம். நல்ல ஸ்வெட்டரும் ஆக்ஸிஜன் மாஸ்க்கும் போதும். கையில் சிறகு கட்டிக்கொண்டால் பறக்கலாம்" என்றாள்.

குளிர் மைனஸ் நூற்றெண்பது டிகிரி, எவ்வளவு பெரிய ஸ்வெட்டர் என்று எதிரணி கேட்டது. ஹாலே சிரித்தது. நான் டைட்டனுக்குத்தான் பரிசு கொடுத்தேன். பறக்கலாம் என்கிறவளுக்குக் கொடுக்காமல் வேறு யாருக்குக் கொடுப்பது?

நன்றியுரையில் தலைமை ஆசிரியை என்னைப் பார்த்து, உங்கள் காலத்தில் இப்படியெல்லாம் யோசித்திருப்பீர்களா டீச்சர் என்று கேட்டார். நான் சிரித்துவைத்தேன். கார் வெளியே காத்திருந்தது. அங்கே நின்று சொல்ல நேரமில்லை. உங்களுக்குச் சொல்கிறேன்.

யோசித்தோம். ராக்கெட் என்கிற வார்த்தை தீபாவளிக்கு மட்டும் பயன்பட்ட காலத்தில், காட்டாக்கடைப் பக்கம் ஒரு வீட்டில், இதே பட்டிமன்றம் வாரக்கணக்கில் நடந்தது. பேசியவர்களில் ஒருவர் என் வீட்டுக்காரர். அவரைப் போலீஸ் தேடிக்கொண்டிருந்தது.

எல்லைப் போராட்ட வருஷங்கள் அவை. கேரளம் என்று ஒரு மாநிலம் அப்போது கிடையாது. திருவிதாங்கூர்-கொச்சி. தமிழ் பேசுகிற தெற்குத் தாலுகாக்களைத் தமிழ்நாட்டோடு சேர்க்க வேண்டும் என்று போராட்டம். எங்கள் நெய்யாற்றின்கரைத் தாலுகா யாருக்கு என்பதில் இரண்டு பக்கமும் விட்டுக்கொடுப்பதாக இல்லை. கொல்லயில், குன்னத்துகால் எல்லாம் அடுக்களையில் தமிழும் முற்றத்தில் மலையாளமும் பேசுகிற ஊர்கள். எல்லைக் கோட்டை எங்கே போடுவது? அடுக்களை வாசலிலா?

நான் விளவங்கோட்டுப் பெண். கொல்லயிலுக்குக் கல்யாணமாகி வந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. வயிற்றில் பிள்ளை வேறு. வீட்டுக்காரர் ஞானதாஸ் மிஷன் பள்ளிக்கூடத்தில் சயன்ஸ் வாத்தியார். பஸ்ஸில் கொஞ்சம் தள்ளி உட்காருங்கள் என்று சொல்லக்கூடக் கூச்சப்படுகிற மனுஷன். மேடையில் ஏற்றிவிட்டால் மட்டும் வேறு ஆள். எல்லைப் பிரச்சினையில் அவர் பேசாத சந்தி எங்கள் பக்கம் கிடையாது.

தெற்கே துப்பாக்கிச் சூடு நடந்தது. செத்தவர்களில் எங்கள் சர்ச் சபைக்காரர்களுக்குத் தெரிந்தவர்களும் உண்டு. அதற்குப் பிறகு, மேடையேறிய எல்லோரையும் போலீஸ் தேட ஆரம்பித்தது. பிடிபட்டவர்கள் எந்தக் கோலத்தில் திரும்பி வந்தார்கள் என்று நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். அதை இங்கே எழுதப்போவதில்லை.

ஒரு மத்தியானம் அவர் சட்டையை மாட்டினார். "வாறேன். நீ பேடிக்காண்டாம்" என்றார். பயப்படாதே என்பதை எங்கள் ஊரில் அப்படித்தான் சொல்வோம். எங்கே போகிறார் என்று சொல்லவில்லை. தெரிந்தால் எனக்குத்தான் ஆபத்து. பின்வாசல் வழியாகத் தென்னந்தோப்புக்குள் இறங்கிப் போனார்.

மறுநாள் போலீஸ் வந்தது. பானைகளை உருட்டியது. மாமியார் வாசலில் உட்கார்ந்து சத்தமாக ஜெபம் செய்தார். நான் அடுக்களையில் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அந்த நாட்களில் சாப்பிட்டேனா, தூங்கினேனா என்று கேட்டால்... ஞாபகமில்லை. வயிற்றுக்குள் பிள்ளை அசைகிறதா என்று கையை வைத்துக்கொண்டு கிடந்தது மட்டும் ஞாபகம் இருக்கிறது.

ஒரு நாள் காலையில் எனக்குப் பழக்கமில்லாத ஒரு பெண் வீட்டுக்கு வந்தாள். வெள்ளை முண்டும் மேலே நேரியதும் உடுத்தியிருந்தாள். நெற்றியில் சந்தனம். மாமியாரிடம் தென்னம்பிள்ளை கிடைக்குமா என்று விசாரித்தாள். அவர் தோப்புப் பக்கம் போனதும் என் அருகில் வந்தாள்.

"ஆள் எங்கட வீட்டிலுண்டு. சுகமாயிட்டிருக்குன்னு. நீ ஊணு கழிக்கணும், கேட்டோ" என்றாள்.

ஆள் எங்கள் வீட்டில்தான் இருக்கிறார், நன்றாக இருக்கிறார், நீ ஒழுங்காகச் சாப்பிடு... அவ்வளவுதான் சொன்னாள். முன்பின் தெரியாத அவள் தோளில் சாய்ந்து நான் அழுதேன்.

அவள் பெயர் சாரதா. மாதவன் நாயருடைய மனைவி. மாதவன் யார்? திருவனந்தபுரம் காலேஜில் என் வீட்டுக்காரரோடு ஒரே ஹாஸ்டல் அறையில் இருந்தவர். அப்போது காட்டாக்கடையில் வாத்தியார். இன்னொன்றும் உண்டு — தாலுகாவில் ஒரு பிடி மண்ணைக்கூடத் தமிழ்நாட்டுக்குக் கொடுக்கக்கூடாது என்று எதிர்மேடையில் முழங்குகிறவர். என் வீட்டுக்காரர் ஒரு சந்தியில் பேசினால், அடுத்த நாள் அதே சந்தியில் அவர் பதில் பேசுவார்.

அவர் வீட்டில் போய் ஒளிந்திருக்கிறார் இந்த மனுஷன். போலீஸ் எங்கே வேண்டுமானாலும் தேடும். அங்கே தேடுமா?

டாக்டரம்மாவைப் பார்க்கப் போகிறேன் என்று மாமியாரிடம் சொல்லிவிட்டு சாரதாவோடு பஸ் ஏறினேன். மாமியார் என் முகத்தைப் பார்த்தார். ஒன்றும் கேட்கவில்லை. கருப்பட்டியும் அவித்த முட்டையும் பொதிந்து கையில் கொடுத்தார். எனக்கா, மகனுக்கா என்று நானும் கேட்கவில்லை.

மாதவன் வீட்டு வாசலில் நுழையும்போதே உள்ளே சண்டைச் சத்தம். இரண்டு ஆண்குரல். ஒன்று என் வீட்டுக்காரருடையது. என் கால் அப்படியே நின்றுவிட்டது. எல்லைச் சண்டை... இதோ வெளியே துரத்தப்போகிறார் என்று நினைத்தேன்.

சாரதா சிரித்தாள். உள்ளே போய்ப் பார் என்றாள்.

கறுப்புச் சிமென்ட் தரை முழுக்க சாக்பீஸில் வட்டம் வட்டமாக வரைந்திருந்தது. நடுவில் சூரியன். வட்டத்துக்கு ஒரு கிரகம். மாதவன் ஒரு பக்கம் முட்டுக்காலிட்டு உட்கார்ந்திருந்தார். என் வீட்டுக்காரர் மறுபக்கம், சட்டையில்லாமல், தாடி வளர்ந்து, துண்டைத் தலையில் கட்டிக்கொண்டு. மனுஷன் குடியேறப் போவது வெள்ளிக் கிரகத்திலா, செவ்வாயிலா — அதற்குத்தான் அந்தச் சண்டை.

முதல் நாளே இரண்டு பேரும் நெய்யாற்றின்கரையைப் பற்றி ஆரம்பித்து, பக்கத்து வீட்டுக்காரர் வந்து என்ன சத்தம் என்று கேட்கிற அளவுக்குப் போய்விட்டதாம். அன்றைக்கு சாரதா ஒரு சட்டம் போட்டிருக்கிறாள். இந்தக் கூரைக்குக் கீழே எல்லை என்கிற பேச்சு வரக்கூடாது. வந்தால் சோறு கிடையாது. ஆனால் காலேஜ் காலத்திலிருந்தே வாதாடிப் பழகிய இரண்டு வாய்கள் சும்மா இருக்குமா? பூமியில் பேச இடமில்லை என்றானதும் மேலே போய்விட்டார்கள்.

எனக்கு வந்ததே ஆத்திரம். இங்கே நான் செத்துப் பிழைத்துக்கொண்டிருக்கிறேன், இவருக்கு வெள்ளியும் செவ்வாயுமா? முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அவர் எழுந்து வந்தார். என்னை மேலும் கீழும் பார்த்தார். இளைத்துவிட்டாயே என்று சொல்ல வந்தவர், அதைச் சொல்ல முடியாமல் வேறெதையோ சொன்னார்.

"எட்டி, வேற என்னத்தப் பேசினாலும் நான் இவன அடிச்சிருவேன். இவன் சோத்தையும் தின்னுட்டு இவனையே அடிக்க ஒக்குமா?"

சிரிப்பு வந்துவிட்டது. அழுகையும்தான்.

அன்று முழுக்க அவர்கள் வாதத்தைக் கேட்டேன். என் வீட்டுக்காரர் செவ்வாய்க் கட்சி. துருவத்தில் வெள்ளையாகத் தெரிவது பனி. பனி இருந்தால் வெள்ளம், அதாவது தண்ணீர், உண்டு. பருவத்துக்குப் பருவம் நிறம் மாறுகிறது, அது பாசியாகக்கூட இருக்கலாம் — அந்தக் காலத்தில் பெரிய விஞ்ஞானிகளே அப்படி நம்பினார்கள். மாதவன் வெள்ளிக் கட்சி. பூமியைப் போலவே உருவம், சுற்றிலும் கனத்த மேகம். மேகம் இருந்தால் மழை இல்லாமலா? கீழே குட்டநாடு மாதிரி பச்சைப்பசேல் என்று இருக்கும் என்பார். யாருக்குத் தெரியும், மேகத்தை விலக்கி எட்டிப் பார்த்தவர்கள் உண்டா?

சாரதாவும் இன்டர்மீடியட் படித்தவள்தான். முருங்கைக்கீரை உருவிக்கொண்டே தன் கட்சியைச் சொன்னாள். நிலா போதும். என்ன காரணம்? பக்கத்தில் இருக்கிறது. பெண்ணுக்குப் பிரசவம் என்றால் அம்மா போய் வர வேண்டாமா? செவ்வாய்க்கு மாசக்கணக்கில் போனால், போய்ச் சேருவதற்குள் பிள்ளை நடக்க ஆரம்பித்துவிடாதா?

இரண்டு வாத்தியார்களும் அதை ஒரு வாதமாகவே எடுத்துக்கொள்ளவில்லை. நான் எடுத்துக்கொண்டேன்.

இரண்டாவது தடவை நான் அங்கே போயிருந்தபோது அது நடந்தது. வீட்டில் புது ஆள் நடமாட்டம் இருக்கிறது என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். ஒரு ஏட்டும் ஒரு போலீஸ்காரரும் நேராக உள்ளே வந்துவிட்டார்கள். எழுந்து ஓட நேரமில்லை. தரையில் வட்டங்கள். நடுவில் தாடியும் தலைத்துண்டுமாக என் வீட்டுக்காரர்.

ஏட்டு நரைத்த மீசைக்காரர். வட்டங்களைப் பார்த்தார். சூரியன், புதன், சுக்கிரன், சொவ்வா என்று வாய்க்குள்ளேயே படித்தார். பிறகு என் வீட்டுக்காரரைப் பார்த்து மரியாதையாகக் கேட்டார் — ஜோத்ஸ்யராணோ?

ஜோசியரா என்கிறார்.

யாரும் ஆமாம் என்று சொல்லவில்லை. இல்லை என்றும் சொல்லவில்லை. சாரதா என் கையை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

ஏட்டு கூட வந்தவரை வெளியே நிற்கச் சொன்னார். தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு தரையிலேயே உட்கார்ந்தார். தாழ்ந்த குரலில் தன் கதையைச் சொன்னார். ஒரே மகள். ஜாதகத்தில் செவ்வாய் தோஷம். வருகிற வரன் எல்லாம் அதைக் கேட்டதும் போய்விடுகிறது. இப்போது அவள் கோயிலுக்குக்கூட வெளியே வருவதில்லை. தாய் இல்லாத பிள்ளை. ஏதாவது பரிகாரம் உண்டா?

என் வீட்டுக்காரர் ஜாதகம் பார்க்கிற சாதி சனத்தில் பிறந்தவர் இல்லை. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் சர்ச்சுக்குப் போகிறவர். ஏதாவது நாலு வார்த்தை வாய்க்கு வந்ததைச் சொல்லி அனுப்பியிருக்கலாம். ஒரு தேங்காயை உடைக்கச் சொல்லியிருக்கலாம். நான் மனசுக்குள் கெஞ்சினேன், எதையாவது சொல்லி அனுப்புங்களேன் என்று.

அவர் சாக்பீஸைக் கையில் எடுத்தார். செவ்வாய் வட்டத்தைத் தொட்டார். மலையாளத்தில்தான் ஆரம்பித்தார். அது எவ்வளவு தூரத்தில் இருக்கிறது, பூமியில் பாதி அகலம்தான் இருக்கும், வெயில் போதாமல் குளிர்ந்து கிடக்கிறது என்றெல்லாம் சொல்லிக்கொண்டே வந்தார். ஏட்டு கண் கலங்கக் கேட்டுக்கொண்டிருந்தார். அதைப் பார்த்ததும் இவர் தன்னையே மறந்துவிட்டார். பாதியில் எங்கள் ஊர்த் தமிழுக்கு வந்துவிட்டார்.

"செவ்வாய் பாவம் ஆக்கும். காத்து கொறவு, வெள்ளம் கொறவு. தனக்கே ஒண்ணும் இல்லாம அங்க கெடந்து வெறைக்குது. அது இஞ்ச இருக்கிய ஒரு பெண்பிள்ளைக்கு என்ன கெடுதல் செய்யும்? தைரியமா கட்டிக் குடுங்க."

செவ்வாயே ஒரு பாவப்பட்ட ஜீவன்தான் என்கிறார். சொல்லி முடித்த பிறகுதான் எந்தப் பாஷையில் பேசினோம் என்று அவருக்கே உறைத்தது. மாதவன் முகம் வெளுத்துவிட்டது. ஏட்டு அசையாமல் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு பார்வை என் பக்கம் திரும்பியது. என் கழுத்தில் தாலி. அதில் சிலுவை. மேடிட்ட வயிறு.

ஏட்டு எழுந்தார். தொப்பியை வைத்துக்கொண்டார். வாசல்வரை போனவர் நின்று, திரும்பாமலே சொன்னார்:

"ஜோத்ஸ்யர் ஈ மாசம் யாத்ர செய்யண்டா. சமயம் அத்ர நல்லதல்ல."

இந்த மாதம் பயணம் வேண்டாம், நேரம் சரியில்லை... ஜோசியருக்கே ஜோசியம் சொல்லிவிட்டுப் போனார்.

அவர் சொன்னபடியே இவர் அசையவில்லை. அந்த வீட்டுப் பக்கம் வேறு போலீஸ் வரவுமில்லை. கெடுபிடி தணிந்து, வழக்குகளும் ஆறிப்போன பிறகு ஒரு நாள் தாடியை மழித்துவிட்டு வீட்டுக்கு வந்தார். எங்கள் மூத்தவள் பிறந்தபோது பக்கத்திலேயே இருந்தார். என் அம்மா வந்து சேருவதற்கு முன்பே சாரதா வந்துவிட்டாள்.

சில மாதம் கழித்து ஏட்டும் வந்தார். கொல்லயிலில் எங்கள் வீட்டுக்கே. காக்கி இல்லை, வேட்டி. தட்டில் வெற்றிலையும் பாக்கும் மகளின் கல்யாணப் பத்திரிகையும். ஜோத்ஸ்யரே என்று கூப்பிடவில்லை. "மாஷே" என்றார், வாத்தியாரே என்று. வீட்டு வழியை அவர் யாரிடமும் கேட்டதாகத் தெரியவில்லை.

போனோம், நாலு பேரும். நெய்யாற்றின்கரையில் கல்யாணம். மாப்பிள்ளை துணிக்கடைக்காரர். அந்தப் பெண் தலை நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். பந்தியில் ஏட்டு எங்கள் இலைக்கு மட்டும் தானே வந்து பாயசம் விட்டார்.

பிறகு மாநிலம் பிரிந்தது. விளவங்கோடு தமிழ்நாட்டுக்குப் போனது. என் அம்மா வீடு ஒரே நாளில் வேறு மாநிலம். நெய்யாற்றின்கரையும் பாறசாலையும் கொல்லயிலும் கேரளத்தில் நின்றுவிட்டன. என் வீட்டுக்காரர் அன்று காலையில் சாப்பிடவில்லை. பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு, ஜன்னலைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார்.

காட்டாக்கடையில் அன்று ஊர்வலம். வெற்றி ஊர்வலம். முன்வரிசையில் நடக்க வேண்டியவர் மாதவன். அவர் பஸ் பிடித்து எங்கள் வீட்டுக்கு வந்தார், சாரதாவோடு. வந்து என் வீட்டுக்காரர் பக்கத்தில் உட்கார்ந்தார். சாரதா போட்ட சட்டத்தை எங்கள் வீட்டிலும் அவர் மீறவில்லை. ஒன்றே ஒன்று மட்டும் கேட்டார். "தாஸே... நீ அங்ஙோட்டு போகுமோ?" அந்தப் பக்கம் போய்விடுவாயா என்று.

"நான் எங்கடா போவேன்? ஸ்கூலு இஞ்ச. சர்ச்சு இஞ்ச. நீயும் இஞ்ச உண்டு. பின்ன எங்க போவ?"

மாதவன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். நான் கப்பைக் கிழங்கு அவித்தேன். சாரதா மீன் குழம்பு வைத்தாள். நாயர்களும் மீன் சாப்பிடுவார்கள், கவலைப்படாதீர்கள்.

வருஷங்கள் ஓடின. வெள்ளிக்கு அனுப்பிய விண்கலம் செய்தி சொன்னது — அங்கே குட்டநாடு இல்லை, ஈயம் உருகுகிற உலை. பேப்பரில் அதைப் படித்தால் என் வீட்டுக்காரர் துள்ளிக் குதிப்பார் என்று நினைத்தேன். அவர் பேப்பரை மடித்தார். தோட்டத்தில் இறங்கி ஒரு பழுத்த சக்கை வெட்டினார், பலாப்பழம். அதைத் தோளில் வைத்துக்கொண்டு காட்டாக்கடைக்கு பஸ் ஏறினார். பாவம், மாதவன் தனியாக இருப்பான் என்றார்.

அடுத்து செவ்வாயின் போட்டோக்கள் வந்தன. பாசியும் இல்லை, பச்சையும் இல்லை. பள்ளங்கள், வெறும் பள்ளங்கள். அன்று சாயங்காலம் எங்கள் வாசலில் மாதவன் நின்றார். கையில் நேந்திரங்குலை.

மனுஷன் நிலாவில் கால் வைத்தபோது இரண்டு பேரும் ரேடியோ முன்னால் வாயடைத்து உட்கார்ந்திருந்தார்கள். சாரதா ஒன்றும் சொல்லவில்லை. நானாக இருந்தால் சொல்லிக்காட்டியிருப்பேன். அவள் அவர்கள் இரண்டு பேருக்கும் டீ போட்டுக் கொடுத்தாள், சர்க்கரை கொஞ்சம் தூக்கலாக.

நாலு பேரில் இப்போது நான் மட்டும்தான். விஞ்ஞானிகள் இன்னமும் தேடிக்கொண்டிருக்கிறார்கள். வெள்ளியின் மேகங்களுக்கு மேலே மிதக்கிற வீடு கட்டலாம் என்றுகூட இப்போது சொல்கிறார்களாம். மாதவன் கேட்டிருந்தால் சந்தோஷப்பட்டிருப்பார். எங்கே வேண்டுமானாலும் போகட்டும். காற்றும் தண்ணீரும் உண்டா என்று பார்த்துவிட்டே போகட்டும்.

ஆனால் முதல் ராக்கெட்டிலேயே ஒருவரைக் கட்டாயம் ஏற்றிக்கொள்ளுங்கள் — தான் ஜெயித்த அன்றைக்கு, தோற்றவன் வீட்டில் போய் உட்காரத் தெரிந்த ஒருவரை.